ஓசூர்–கிருஷ்ணகிரி பகுதியில் முகூர்த்தப் பட்டு எடுத்தல்

முகூர்த்தப் பட்டு எடுத்தல் என்பது, தாலி கட்டும் வேளையில் மணமகள் உடுத்தும் பட்டுப் புடவையை இரு வீட்டாரும் சேர்ந்து கடைக்குச் சென்று வாங்கும் வழக்கம் ஆகும். பேச்சுவழக்கில் இது ‘ஜவுளி எடுப்பது’, ‘கல்யாணத் துணி எடுப்பது’ என்றும் சொல்லப்படும். தமிழ்நாடு முழுவதும் உள்ள வழக்கமே இது. ஆனால் கர்நாடக எல்லையை ஒட்டிய ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்தில் தமிழ், தெலுங்கு, கன்னடம் பேசும் குடும்பங்கள் கலந்து வாழ்கின்றன. 1970களில் தொடங்கிய சிப்காட் தொழிற்பேட்டையால் வெளியூரிலிருந்து வந்து குடியேறியவர்களும் ஏராளம். அதனால் யார் கூட வருவது, எங்கே போவது, எந்தப் புடவை என்ற மூன்று கேள்விகளும் இங்கே சற்றுக் கூடுதலான பேச்சுக்கு உரியவை.

யார் போவது

முகூர்த்தப் புடவைக்குப் பணம் கொடுப்பது பொதுவாக மாப்பிள்ளை வீடு. மாப்பிள்ளைக்கான வேட்டி சட்டையை எடுப்பது பெண் வீடு. அதாவது, பணம் கொடுப்பவர் ஒருவர், உடுத்துபவர் இன்னொருவர். ஆகவே இரு தரப்பும் கடையில் இருந்தாக வேண்டியிருக்கிறது. நிச்சயதார்த்தத்துக்குப் பிறகு இரு வீட்டாரும் சேர்ந்து செய்யும் முதல் காரியமும் பல குடும்பங்களில் இதுவே. விலை, விருப்பம், விட்டுக்கொடுத்தல் எல்லாம் முதன்முதலாக வெளிப்படும் இடம் ஜவுளிக்கடையின் வெள்ளை விரிப்புதான்.

வேன் நிறைய ஆட்கள் வந்து இறங்குவதை வேடிக்கையாகப் பேசுவோர் உண்டு. ஆனால் வந்திருக்கும் ஒவ்வொருவருக்கும் ஓர் உரிமை இருக்கிறது. மாப்பிள்ளையின் சகோதரி, தாலியில் நாத்தனார் முடிச்சுப் போடப்போகிறவர். அவருக்கான பட்டும் அன்றே எடுக்கப்படும். அத்தை, சித்தி, தாய்மாமன் மனைவி ஆகியோருக்கு வைத்துக் கொடுக்கும் புடவைகளும் அதே பட்டியலில் இருக்கும். மணப்பெண்ணின் புடவையைத் தேர்ந்தெடுக்க ஒரு மணி நேரம் ஆனால், இந்தப் புடவைகளுக்கு மூன்று மணி நேரம் ஆகும். யாருடைய புடவை யாருடையதைவிட நூறு ரூபாய் அதிகம் என்பது பந்தி வரை பேசப்படும். அழைக்காமல் விட்ட ஓர் அத்தையின் வருத்தம் அதற்கும் அப்பால் நீளும்.

மேலைநாட்டு மணமகள் கவுனை உடுத்திப் பார்த்து, அளவு பொருந்துகிறதா என்று கூட வந்தவர்களிடம் கேட்கிறாள். புடவைக்கு அளவு இல்லை. ரவிக்கைத் துணியோடு ஆறு மீட்டருக்குச் சற்று மேல் நீளமுள்ள அதே துணி எல்லாருக்கும் பொருந்தும். கண்ணாடி முன் தோளில் போட்டுப் பார்ப்பதோடு சரி. அளவு பற்றிய பேச்சு இல்லாததால், நிறம், கரை, விலை, கௌரவம் ஆகியவை மட்டுமே பேச்சாகின்றன. அவற்றில் கருத்துச் சொல்ல எல்லாருக்கும் முடியும். மணப்பெண்ணின் குரல் அமுங்கிப்போவதற்கு இதுவும் ஒரு காரணம். ‘உங்க இஷ்டம் அத்தை’ என்று அவள் சொல்வது பல நேரங்களில் விருப்பத்தைச் சொல்லாமல் இருப்பதற்கான வழியே தவிர, விருப்பம் இல்லாததன் அடையாளம் அல்ல.

எங்கே போவது

ஓசூரிலிருந்து பெங்களூரு சுமார் 40 கி.மீ., காஞ்சிபுரம் 200 கி.மீ.க்கும் மேல். பெங்களூருவின் பழைய ஜவுளிச் சந்தையான சிக்பேட்டைக்குக் காலையில் பஸ் ஏறினால் இரவுக்குள் திரும்பிவிடலாம். காஞ்சிபுரத்துக்கு வண்டி பேச வேண்டும், விடியற்காலையில் கிளம்ப வேண்டும். அப்படியிருந்தும் ‘காஞ்சிபுரத்தில் எடுத்தது’ என்ற சொல்லுக்கு உள்ள மதிப்பு குறையவில்லை. அங்கே காந்தி சாலைக் கடைகளுக்கு வழிகாட்டுவதாகக் கூறிக் கூட வரும் தரகருக்கும் கமிஷன் உண்டு, அது புடவை விலையில்தான் சேரும். ஆந்திரத்தில் உறவுள்ள தெலுங்குக் குடும்பங்களுக்குத் தர்மாவரம் பட்டும் ஒரு தேர்வு.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. கிருஷ்ணகிரி மாவட்டமே மல்பெரி பயிரிட்டுப் பட்டுப்புழு வளர்க்கும் மாவட்டம். மத்தியப் பட்டு வாரியத்தின் பட்டுப்புழு, மல்பெரி மரபுவள மையம் ஓசூரில்தான் இருக்கிறது. ஆனால் கூடு விளைவிக்கும் ஊரில் பேர்பெற்ற புடவை நெசவு இல்லை. கூடு இங்கே, தறி அங்கே. அதனால் பட்டு வளர்க்கும் குடியானவரும் மகள் கல்யாணத்துக்கு வேன் பிடிக்கிறார்.

எதைப் பார்ப்பது

கூட வருபவர்களில் மிகவும் பயன்படுகிறவர், துணி தெரிந்த ஒரு மூத்த பெண்மணி. முந்தானைக் குஞ்சத்திலிருந்து ஓர் இழையை உருவி எரித்துப் பார்ப்பது அவருடைய வேலை. பட்டு என்றால் முடி கருகும் வாசனை வரும், சாம்பல் விரலில் பொடியும். செயற்கை இழை உருகிக் கட்டியாகும். கடையின் மஞ்சள் விளக்கில் அரக்காகத் தெரியும் நிறம் வெயிலில் வேறாக இருக்கும் என்று வாசலுக்குப் புடவையைக் கொண்டுபோகச் சொல்பவரும் அவரே.

‘சில்க் மார்க்’ முத்திரை 2004 முதல் வழங்கப்படுகிறது. அது துணி தூய பட்டு என்பதற்கு மட்டுமே சான்று. கைத்தறியா விசைத்தறியா என்பதையோ, ஜரிகையில் வெள்ளி எவ்வளவு என்பதையோ அது சொல்லாது. கைத்தறிக்கு 2006இல் வந்த ‘ஹேண்ட்லூம் மார்க்’ தனி முத்திரை. இரண்டையும் ஒன்றென எண்ணி அதிக விலை கொடுப்பவர்கள் பலர். கடைக்காரரிடம் மூன்றையும் தனித்தனியாகக் கேட்டு, பதிலைப் பில்லில் எழுதி வாங்குவது நல்லது.

நிறத்தில்தான் மொழி குறுக்கிடும். தமிழ்க் குடும்பங்கள் பெரும்பாலும் அரக்கு, மஞ்சள், பச்சை என்று போகும், கறுப்பைத் தொடாது. தெலுங்குத் திருமணங்களில் மதுபர்க்கம் எனப்படும் சிவப்புக் கரையிட்ட வெள்ளைத் துணி மங்கலமானது. அதைக் கண்டு முகம் சுளிக்கும் தமிழ்ச் சம்பந்திக்கு வழக்கத்தை எடுத்துச் சொல்ல, இரண்டு பக்கமும் பேசத் தெரிந்த ஒருவர் கூட இருப்பது இப்பகுதியில் தேவையாகிறது.

மாற்றங்கள்

ஆலைகளில் ஷிஃப்ட் முறையில் வேலை பார்ப்பவர்களுக்கு வார விடுப்பு நாளே வாய்ப்பு. நல்ல நாளும் விடுப்பும் ஒத்துவருவது அரிது. நல்ல நேரத்தில் ஒரு புடவையை மட்டும் எடுத்து, மங்கலமாகக் குங்குமம் வைத்துவிட்டு, மற்றவற்றைப் பிறகு வாங்குவது இதற்கு ஒரு வழி. ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தப் புடவை எடுக்காதவர்கள்கூட, வைத்துக் கொடுக்கும் புடவைகளை ஆடித் தள்ளுபடியில் வாங்கத் தயங்குவதில்லை.

சொந்த ஊர் தொலைவில் இருப்பவர்களுக்கு உறவினரின் இடத்தைத் தோழிகள் நிரப்புகிறார்கள். விடுதியில் ஒரே அறையில் தங்கி, ஒரே பஸ்ஸில் ஆலைக்குப் போய்வந்த தோழிக்கு மணப்பெண்ணின் மௌனம் எதைக் குறிக்கிறது என்று தெரியும். அவள் வீட்டார் இல்லாததால் விலையைப் பற்றிய பேச்சில் கலந்துகொள்ள மாட்டாள், நிறத்தைப் பற்றி மட்டும் துணிந்து சொல்வாள். ஊரில் இருக்கும் பாட்டி வாட்ஸ்அப் வீடியோவில் பார்க்கிறார். சம்பளம் வாங்கும் பெண்கள், மாப்பிள்ளை வீடு சொன்ன தொகைக்கு மேல் ஆகும் பணத்தைத் தாமே போட்டுக்கொண்டு விரும்பிய புடவையை எடுப்பதும் உண்டு. மாலை வரவேற்புக்கான லெஹங்கா பெரும்பாலும் பெண்ணும் தோழிகளும் மட்டும் பெங்களூரு போய் எடுப்பது. அங்கே பெரியவர்களின் தலையீடு குறைவு.

மாறத் தயங்கும் ஒன்றும் உண்டு. கணவரை இழந்த தாய், மகளின் முகூர்த்தப் புடவையை முதலில் தொடக் கூடாது என்று பின்வரிசையில் உட்காரவைக்கும் பழக்கம் பல குடும்பங்களில் இன்னும் இருக்கிறது. தனியாக உழைத்து மகளை வளர்த்தவர் அவராகவே இருந்தாலும் விதி தளர்வதில்லை. இதற்குச் சாத்திரம் காட்டுபவர்களைவிட ‘நாலு பேர் என்ன சொல்வார்கள்’ என்பவர்களே அதிகம். அந்த நாலு பேரும் பெரும்பாலும் அதே வேனில் வந்தவர்கள்தான். சில வீடுகளில் மணப்பெண்ணே புடவையைத் தாயின் கையில் கொடுத்து, ‘நீ பார்த்துச் சொல்லும்மா’ என்று கேட்டு இதை முடித்துவைத்திருக்கிறாள். அந்த இடத்தில் மறுத்துப் பேச மாப்பிள்ளை வீட்டார் எளிதில் முன்வருவதில்லை.