சுரைக்கொடி

‘ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது’ என்பது நம் நாட்டுப் பழமொழி. படித்தவர்களைச் சற்றே எள்ளி நகையாட இதனினும் நல்ல வாசகம் கிடைப்பது அரிது. இன்று நான் உங்கள் முன் வைக்கப்போவதும் ஏட்டுச் சுரைக்காயே. அதனை அரிந்து கூட்டு வைக்க இயலாது. ஆயினும், ஏட்டில் உள்ளதைச் சிறிதேனும் அறியாமல் தோட்டத்துச் சுரைக்காயைக் கையாண்ட சிலர், தம் உயிருக்கே இடர் தேடிக்கொண்டதும் உண்டு. அதனைப் பின்னர்ச் சொல்வேன். முதலில் கொடியைப் பார்ப்போம்.

ஆடிப் பட்டத்தில் ஊன்றிய விதை, மழையைக் கண்டதும் முளைத்து, இரண்டொரு மாதத்திற்குள் பந்தலையோ கூரையையோ முற்றும் மூடிவிடுகிறது. தண்டில் வலிமை இல்லை. தானே நிமிர்ந்து நிற்கவும் அதற்கு இயலாது. எனினும் இத்தனை பாரத்தைத் தூக்கிக்கொண்டு மேலே ஏறுகிறதே, எவ்வாறு? இலைக் காம்பின் அருகில் நூல் போன்ற பற்றுக்கம்பிகள் முளைக்கின்றன. அவை காற்றில் மெல்லச் சுழன்று ஏதேனும் ஒரு குச்சியைத் தொட்டவுடன் அதனைச் சுற்றிக்கொள்கின்றன. பிறகு நடப்பதுதான் விந்தை. இரு முனையும் கட்டுண்ட அக்கம்பி, நடுவில் ஓர் இடத்தில் திரும்பி, ஒரு பாதி வலமாகவும் மறு பாதி இடமாகவும் சுருள்கிறது. இரு முனைகளும் பிணைக்கப்பட்ட ஒரு கயிற்றை ஒரே திசையில் சுருட்ட முயன்று பாருங்கள். அது முறுக்கேறிச் சிக்கிக்கொள்ளும். கொடி இந்தக் கணக்கைத் தெரிந்து வைத்திருக்கிறது! இவ்வாறு அமைந்த சுருள், வில்லைப் போல் நீண்டும் குறுகியும் கொடுப்பதால், பலத்த காற்றிலும் கொடி அறுந்து விழுவதில்லை. சார்லஸ் டார்வின் 1865-ஆம் ஆண்டில் ஏறு கொடிகளைப் பற்றி எழுதிய நீண்ட கட்டுரையில், இந்தக் குடும்பத்துப் பற்றுக்கம்பிகளை நாள்கணக்கில் கவனித்து விவரித்திருக்கிறார்.

சுரை, பூசணி, பாகல், புடல், பீர்க்கு, வெள்ளரி ஆகிய யாவும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. இவற்றுள் பூசணியும் வெள்ளரியும் மஞ்சள் நிறப் பூக்களைப் பூத்துத் தேனீக்களை அழைக்க, சுரையோ வெள்ளை வெளேரென்ற பூக்களை மாலைப் பொழுதில் மலர்த்துகிறது. இருளில் வரும் அந்துப்பூச்சிகளுக்காகவே இந்த வெண்மை. ஆண்பூ வேறு, பெண்பூ வேறு. ஆனால் இரண்டும் ஒரே கொடியில்தான் இருக்கும். பெண்பூவின் அடியில் பிஞ்சுச் சுரைக்காய் போன்ற சூற்பை காணப்படும். பூக்கும் பூவெல்லாம் காயாகவில்லையே என்று வருந்துவோர், பெரும்பாலும் ஆண்பூக்களை எண்ணியே வருந்துகிறார்கள்.

தாவரவியலார் இதற்கு வழங்கும் பெயர் லஜெனேரியா சிசெரேரியா. முதற்சொல் ‘குடுவை’ எனப் பொருள்படும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது. பெயர் இட்டவர்கள் கறியை நினைக்கவில்லை, கலத்தையே நினைத்தார்கள் என்பதைக் கவனியுங்கள். முற்றிக் காய்ந்த சுரையின் ஓடு மரம்போல் இறுகிவிடும்; உள்ளிருக்கும் சதையை நீக்கினால் நீர் புகாத பாத்திரம் தயார். மண்பாண்டம் வனையக் கற்றுக்கொள்வதற்கு முன்பே மனிதன் இதனை அறிந்திருந்தான். நம் ஊர்களில் விதை சேமிக்கவும், கள் இறக்கவும், நீந்தப் பழகும் சிறுவர் முதுகில் கட்டி மிதக்கவும் சுரைக்குடுக்கை பயன்பட்டது. பாம்பாட்டியின் மகுடி சுரைக்குடுக்கையே. வீணையின் மேற்புறத்தில் தொங்கும் குடம், இன்று வேறு பொருள்களால் செய்யப்பட்டாலும், சுரைக்குடுக்கை என்றே வழங்கி வருகிறது. மகாராட்டிர மாநிலத்து மீரஜ் நகரில் தம்பூராவும் சிதாரும் செய்வோர், பண்டரிபுரத்துப் பக்கத்தில் விளையும் பெருஞ்சுரைகளை வாங்கி உலர்த்திப் பயன்படுத்துகிறார்கள். அவை உண்பதற்காக அன்றி இதற்கென்றே பயிரிடப்படுபவை. சுரையில்லாமல் நம் இசை சற்று ஊமையாகியிருக்கும்.

இந்தக் கொடியின் தாயகம் ஆப்பிரிக்கா. ஆனால் கொலம்பஸ் 1492-இல் அமெரிக்கக் கரையைத் தொடுவதற்கு ஏறத்தாழ 10,000 ஆண்டுகளுக்கு முன்னரே அக்கண்டத்து மக்கள் சுரையைக் கையாண்டிருக்கிறார்கள். கடல் கடந்து அதனைக் கொண்டுபோனவர் யார்? தாமஸ் விட்டேக்கர், ஜார்ஜ் கார்ட்டர் என்னும் இரு அமெரிக்க அறிஞர்கள், காய்ந்த சுரைகளைக் கடல்நீரில் ஏழு மாதங்களுக்கு மேல் மிதக்கவிட்டு, பிறகு உள்ளிருந்த விதைகளை ஊன்றிப் பார்த்தார்கள். அவை முளைத்தன! இச்சோதனையின் முடிவு 1954-இல் வெளிவந்தது. ஆகவே ஆள் துணையின்றிச் சுரை தானே மிதந்து போயிருக்கலாம் என்று கருதப்பட்டது. 2005-இல் மரபணுவை ஆராய்ந்த ஒரு குழுவினர், இல்லை, ஆசியாவிலிருந்து மனிதரோடுதான் சென்றிருக்க வேண்டும் என்றார்கள். 2014-இல் இன்னும் நுணுக்கமான மரபணு ஆய்வு, பழைய அமெரிக்கச் சுரைகள் ஆப்பிரிக்கச் சுரைகளுக்கே நெருங்கிய உறவு என்று காட்டியது. அட்லாண்டிக் கடலே அதனைச் சுமந்து சென்றது என்னும் கருத்து மீண்டும் வலுப்பெற்றது.

இனி அடுக்களைக்குள் வருவோம். இளஞ்சுரைக்காயில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து பங்கு நீர். மாவுப்பொருளும் கொழுப்பும் மிகக் குறைவு. 100 கிராம் காயில் ஏறத்தாழ 15 கலோரி ஆற்றல்தான் கிடைக்கும். எனவே உடல் பருத்தவர்களும் நீரிழிவு உடையவர்களும் வயிறு நிறைய உண்ணலாம். சுரைக்காய்க்குத் தனக்கென்று ஓங்கிய சுவை இல்லாததை ஒரு குறையாகச் சிலர் சொல்வார்கள். நான் அதனை அதன் பண்பு என்பேன். பாசிப்பருப்போடு சேர்ந்தால் கூட்டு, புளியோடு சேர்ந்தால் குழம்பு, அரிசியோடு அரைத்தால் அடை. எதனோடு சேர்கிறதோ அதன் சுவையை ஏற்றுக்கொள்கிறது. சீவி எறியும் தோலும் துவையலாகும். கொழுந்து இலையைக் கீரையாகச் சமைப்பார்கள். வங்காளத்தில் இறாலோடு சேர்த்தும், வடநாட்டில் பாலும் சர்க்கரையும் கூட்டி அல்வாவாகக் கிளறியும் உண்கிறார்கள். ஜப்பானியர் சுரைச் சதையை நாடாப்போல் நீளச் சீவி வெயிலில் உலர்த்தி, ‘கன்ப்யோ’ என்று பெயரிட்டு, சோற்றுச் சுருளுக்குள் வைக்கிறார்கள். அந்நாட்டின் தொச்சிகி மாநிலம் இத்தொழிலுக்குப் பேர்போனது.

மருத்துவப் பயனைப் பற்றிக் கேட்பீர்கள். உடலைக் குளிர்விக்கும், சிறுநீரைப் பெருக்கும் என்று நம் நாட்டு வைத்திய முறைகள் சுரையைச் சொல்லி வந்திருக்கின்றன. நீர் மிகுந்த, எளிதில் செரிக்கும் காய் என்னும் அளவில் இது வியப்பன்று. அதற்கு மேலே சென்று, இரத்தத்தின் கொழுப்பைக் குறைக்கும், இதயத்தைக் காக்கும், சர்க்கரை நோயைத் தீர்க்கும் என்று கூறுவோரும் உளர். ஆய்வுக்கூடத்தில் எலிகளுக்குச் சுரைச் சாற்றைக் கொடுத்து நடத்திய சோதனைகள் சில உண்டு. ஆனால் எலிக்கு நன்மை செய்தது மனிதனுக்கும் செய்யும் என்பதற்குப் போதிய சான்று வேண்டும். அது சுரைக்கு இன்னும் கிட்டவில்லை. சுரைக்காய் நல்ல உணவு. அதனை மருந்தென்று நம்பி, மருத்துவர் தந்த மருந்தை நிறுத்துவது பேதைமை.

இந்த நம்பிக்கையிலிருந்து பிறந்ததுதான், விடியற்காலையில் வெறும் வயிற்றில் பச்சைச் சுரைக்காயைப் பிழிந்து ஒரு குவளை சாறு அருந்தும் வழக்கம். 2010-ஆம் ஆண்டில் தில்லியில் விஞ்ஞானி ஒருவர் அவ்வாறு அருந்தி உயிரிழந்தார். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் இதனை ஆராய ஒரு வல்லுநர் குழுவை அமைத்தது. அக்குழு கண்ட குற்றவாளி, கசப்பு.

பயிரிடும் சுரைக்குக் காட்டில் ஓர் உறவினன் உண்டு, பேய்ச்சுரை என்பார்கள். அதன் கசப்பு, குக்குர்பிட்டாசின் என்னும் நச்சுப் பொருள்களால் வருவது. விலங்குகளும் பூச்சிகளும் தின்னாதபடி செடி தன்னைக் காத்துக்கொள்ளும் உபாயம் அது. இதிலும் ஒரு வேடிக்கை: பூசணி வண்டு என்னும் பூச்சிக்கு அந்த நஞ்சே விருந்து! இனிய சுரையாக நாம் வளர்க்கும் வகைகளில் இப்பொருள் மிகக் குறைந்திருக்கும்படி நம் முன்னோர் தலைமுறை தலைமுறையாக விதை தெரிந்தெடுத்தார்கள். ஆயினும் சில வேளைகளில் அது மீண்டும் தலைகாட்டுகிறது. வறட்சியும் கடும் வெப்பமும் அதனை மிகுவிக்கக்கூடும். கசந்த காய்க்கும் இனித்த காய்க்கும் வெளித்தோற்றத்தில் வேற்றுமை இல்லை. வேகவைத்தாலும் அந்நஞ்சு அழிந்துவிடும் என்று நம்புவதற்கில்லை.

மனித நாவில் கசப்பை உணர்வதற்கென்று ஏறத்தாழ 25 வகை உணர்விகள் அமைந்திருக்கின்றன. இனிப்புக்கோ ஒன்றே முதன்மையானது. நஞ்சைக் கண்டு விலகவே இயற்கை இத்தனை காவலர்களை நிறுத்தியிருக்கிறது. கறியாக உண்பவன் ஒரு துண்டு கசந்தால் துப்பிவிடுவான். சாறு அருந்துபவனோ, ஒரு முழுக் காயின் கசப்பை, எலுமிச்சையும் உப்பும் சேர்த்து, ‘கசப்பே மருந்து’ என்று மனத்தைத் தேற்றிக்கொண்டு, ஒரே மூச்சில் விழுங்கிவிடுகிறான். தில்லியில் நிகழ்ந்ததில் சுரைச் சாற்றோடு பாகற்சாறும் கலந்திருந்தது. பாகற்காயின் கசப்பு வேறு பொருள்களால் வருவது; அதனை நாம் சமைத்து உண்டு பழகியிருக்கிறோம். அந்தப் பழகிய கசப்பின் பின்னே பழகாத கசப்பு ஒளிந்துகொண்டால் காவலர்கள் என் செய்வார்கள்?

இந்நஞ்சு உள்ளே சென்றால் சிறிது நேரத்திற்குள் வயிற்று வலியும் வாந்தியும் பேதியும் தோன்றும். இரத்த வாந்தியும் வரலாம். இரத்த அழுத்தம் தாழ்ந்துவிடும். இதற்கென்று தனி முறிமருந்து இல்லை. உடனே மருத்துவமனைக்குச் சென்றால், நரம்பு வழியே நீர் ஏற்றியும் பிற சிகிச்சைகள் செய்தும் பெரும்பாலோரைக் காப்பாற்றிவிடுகிறார்கள். காலம் தாழ்த்துவதுதான் கேடு. 2011-இல் வல்லுநர் குழு கூறிய அறிவுரை மிக எளியது: சாறு பிழியுமுன் ஒரு சிறு துண்டைச் சுவைத்துப் பார்க்க வேண்டும், கசந்தால் காயை எறிந்துவிட வேண்டும், சுரைச் சாற்றோடு வேறு சாறு எதனையும் கலக்கலாகாது.

வீட்டில் விதை எடுத்துப் பயிரிடுவோர் இன்னும் ஒன்றை அறிந்திருக்க வேண்டும். பேய்ச்சுரையின் மகரந்தத்தை ஓர் அந்துப்பூச்சி சுமந்து வந்து நம் கொடியின் பெண்பூவில் சேர்த்தாலும், இவ்வாண்டுக் காய் கசப்பதில்லை. ஏனெனில் காயின் சதை தாய்க்கொடியினுடையது. தந்தையின் குணம் விதைக்குள் மட்டுமே அடங்கியிருக்கும். அவ்விதையை அடுத்த ஆடியில் ஊன்றி வளர்த்த கொடியில்தான் கசப்பு வெளிப்படும். எனவே சென்ற ஆண்டுக் காய் இனித்தது என்று விதையை நம்பிவிடாமல், புதிதாக வளர்ந்த ஒவ்வொரு கொடியின் முதற்காயிலும் ஒரு துண்டை நறுக்கி நாவில் வைத்துப் பார்த்துத் துப்பிவிட்டு, கசந்த கொடியை வேரோடு களைய வேண்டும்.