தானியங்கு சோதனையில் பொது நூலகக் கோப்புகள்

பல தானியங்கு சோதனைகளுக்குத் தேவைப்படும் செயல்களை ஒரே இடத்தில் எழுதிவைத்து, எல்லாச் சோதனைகளும் அங்கிருந்தே எடுத்துப் பயன்படுத்தும்படி அமைக்கப்படும் கோப்பே பொது நூலகக் கோப்பு ஆகும். ஒரு வலைத்தளத்திற்கு 200 சோதனைகள் இருப்பதாகக் கொள்வோம். அவற்றில் பெரும்பாலானவை பயனர் பெயரும் கடவுச்சொல்லும் இட்டு உள்நுழைவதில்தான் தொடங்கும். அந்தப் படிகளை ஒவ்வொரு சோதனையிலும் எழுதியிருந்தால், உள்நுழைவுப் பொத்தானின் அடையாளம் மாறும் நாளில் அத்தனை இடங்களிலும் திருத்த வேண்டும். பொதுக் கோப்பில் இருந்தால் ஒரு திருத்தம் போதும்.

ரோபாட் ஃபிரேம்வொர்க் என்னும் சோதனைக் கருவியைக் கொண்டு இதைப் பார்க்கலாம். பெக்கா கிளார்க் 2005இல் எழுதிய முதுகலை ஆய்வேட்டில் இதன் அடிப்படை உருவானது. நோக்கியா நெட்வொர்க்ஸ் நிறுவனத்தில் வளர்ந்து, 2008இல் திறமூல மென்பொருளாக வெளிவந்தது.

இதில் பொதுக் கோப்புகள் இரு வகை. ரிசோர்ஸ் கோப்பில், ஏற்கெனவே உள்ள கட்டளைகளைக் கோத்து 'கீவேர்ட்' எனப்படும் புதிய செயல்களை உருவாக்கலாம், மாறிகளையும் வைக்கலாம், ஆனால் சோதனைகளை அதில் எழுத முடியாது. நூலகம் என்பது பெரும்பாலும் பைத்தான் மொழியில் எழுதப்படும் நிரல். கீவேர்டுகளுக்குத் தமிழிலேயே பெயர் சூட்டலாம் என்பது பலருக்குத் தெரிவதில்லை. 'கடையில் உள்நுழை' என்று பெயரிட்டாலும் கருவி ஏற்றுக்கொள்ளும்.

பெயர் மோதல்

ஒரே பெயருள்ள கீவேர்ட் சோதனைக் கோப்பிலும் ரிசோர்ஸ் கோப்பிலும் இருந்தால், சோதனைக் கோப்பில் உள்ளதே இயங்கும். ரிசோர்ஸ் கோப்பில் உள்ளது நூலகத்தில் உள்ளதை முந்தும். இரண்டு ரிசோர்ஸ் கோப்புகளில் ஒரே பெயர் இருந்தால் எதை எடுப்பது என்று ஊகிக்காமல், வழக்கமாகக் கருவி பிழை காட்டி நிறுத்தும். அப்போது கோப்பின் பெயரையும் முன்னால் சேர்த்து அழைக்க வேண்டும்.

நினைவில் தங்கும் மதிப்புகள்

பைத்தான் வகுப்பாக எழுதிய நூலகம் இயல்பாக ஒவ்வொரு சோதனைக்கும் புதிதாக உருவாக்கப்படும். வேகம் கருதி அதை 'குளோபல்' என்று மாற்றினால், முழு ஓட்டத்திற்கும் ஒரே பிரதிதான். முதல் சோதனை அதில் விட்டுச்சென்ற மதிப்பு பத்தாவது சோதனைக்கும் தெரியும். அந்தப் பத்தாவதைத் தனியே ஓட்டினால் தோற்கும், வரிசையில் ஓட்டினால் வெல்லும். இத்தகைய பிழையைத் தேடுவதில் ஒரு நாளே போய்விடும்.

பொய்யான வெற்றி

சோதனை தோற்பதைவிட ஆபத்தானது, தோற்க வேண்டிய சோதனை வெல்வது. பொதுக் கோப்பில் இது எளிதாக நுழையும். சில வேளைகளில் மட்டும் தோன்றும் விளம்பரப் பெட்டியை மூடுவதற்காக, 'ரன் கீவேர்ட் அண்ட் இக்னோர் எரர்' என்ற கட்டளையை ஒருவர் சேர்க்கிறார். தனக்குள் இயங்கும் செயல் தோற்றாலும் இது சோதனையை நிறுத்தாது. தோல்வியுற்றது என்ற நிலையைத் திருப்பித் தரும். விளம்பரப் பெட்டிக்கு அது பொருத்தமே. அடுத்து வருபவர் அதே கட்டளையைக் கட்டணம் செலுத்தியதைச் சரிபார்க்கும் கீவேர்டுக்குள்ளும் போட்டுவிட்டு, திரும்பி வந்த நிலையைப் பார்க்காமல் விட்டால், கட்டணப் பக்கம் முழுவதும் உடைந்திருந்தாலும் அந்தக் கீவேர்டை நம்பிய சோதனைகள் அனைத்தும் பச்சை நிறத்திலேயே இருக்கும். ஒரே இடத்தில் திருத்தும் வசதியைத் தந்த கோப்பு, ஒரே இடத்துத் தவறையும் எல்லோருக்கும் பகிர்ந்துவிட்டது!

ஆகவே பொதுக் கோப்பில் சரிபார்க்கும் கீவேர்ட் ஒன்றை மாற்றினால், அது தோற்க வேண்டிய இடத்தில் தோற்கிறதா என்றும் பார்க்க வேண்டும். எதிர்பார்க்கும் தொகை 500 ரூபாய் என்றால், வேண்டுமென்றே 501 என்று கொடுத்து ஒருமுறை ஓட்டலாம். அப்போதும் பச்சையே வந்தால், கோளாறு அந்தக் கீவேர்டில்தான் இருக்கிறது.