பெட் தொடுத்த வழக்கும் செட்ஜ்விக்கின் பதவிகளும்

வழக்கறிஞர், நாடாளுமன்ற உறுப்பினர், நீதிபதி எனப் பல பதவிகளை வகித்த அமெரிக்கர் தியோடர் செட்ஜ்விக், ஓர் அடிமைப் பெண்ணுக்கு விடுதலை பெற்றுத் தந்தவராகவே போற்றப்படுகிறார். ஆனால், அவ்வழக்கை அவரிடம் கொண்டுசென்றவர் எழுதப் படிக்கத் தெரியாத பெட் என்னும் அப்பெண்ணே என்பதிலிருந்து நாம் தொடங்க வேண்டும்.

மாசசூசெட்ஸின் ஷெஃபீல்டு ஊரில் பெட்டை அடிமையாக வைத்திருந்தவர் ஜான் ஆஷ்லி. 1773இல் ஊர்ப் பெரியவர்கள் பிரித்தானிய ஆட்சிக்கு எதிராக, மனிதர் யாவரும் சமம் என்று தீர்மானம் வகுத்தது அவருடைய தலைமையில்தான். அக்குழுவில் செட்ஜ்விக்கும் இருந்தார். சமத்துவம் பேசிய ஆஷ்லியின் வீட்டில் ஊதியமின்றி உழைத்தவர் பெட்!

மனிதர் அனைவரும் பிறப்பால் சுதந்திரமானவர்கள், சமமானவர்கள் என 1780ஆம் ஆண்டின் மாநில அரசியலமைப்பு அறிவித்தது. அது தமக்கும் பொருந்தும் என்று பெட் செட்ஜ்விக்கை நாடினார். 1781 ஆகஸ்டில் கிரேட் பாரிங்டன் நீதிமன்றத்தில், பெட்டும் பிராம் என்பவரும் ஆஷ்லியின் அடிமைகள் அல்லர் எனத் தீர்ப்பாயிற்று. இழப்பீடு 30 ஷில்லிங். பெட், எலிசபெத் ஃபிரீமன் ஆனார்.

பத்தாண்டுகள் கழித்து, தப்பியோடிய அடிமைகளைப் பிடித்து ஒப்படைப்பதற்கான மசோதாவைப் பிரதிநிதிகள் சபையில் முன்வைத்த குழுவின் தலைவரும் இதே செட்ஜ்விக்தான். அது அப்படியே நிறைவேறவில்லை. 1793இல் வேறு வடிவில் சட்டமாயிற்று. போற்றுவோர் இதைப் பெரும்பாலும் சொல்வதில்லை. பின்னர் அவர் அச்சபையின் தலைவரானார். 1802 முதல் 1813இல் இறக்கும்வரை மாநில உச்ச நீதிமன்ற நீதிபதியாக இருந்தார்.

ஃபிரீமனோ, செட்ஜ்விக்கின் வீட்டிலேயே கூலிக்குப் பணிபுரிந்து, ஸ்டாக்பிரிட்ஜில் தமக்கென ஒரு வீடு வாங்கினார். 1829இல் இறந்த அவரை அக்குடும்பக் கல்லறையிலேயே அடக்கம் செய்தனர்.