கனடா போடும் மதிப்பெண். காளிகாட் போடும் கணக்கு

கொல்கத்தா: காளிகாட் என்றதும் தில்லி அரசியல் வட்டாரத்தின் நினைவுக்கு வருவது மம்தா பானர்ஜியின் வீடு இருக்கும் ஹரீஷ் சாட்டர்ஜி தெரு. பக்தர்களுக்கு அது காளி கோயில். இந்நகரத் தமிழர்களுக்கோ, காளிகாட் மெட்ரோ நிலையத்தில் இறங்கி ராஷ்பிஹாரி அவென்யூவில் கிழக்கு நோக்கிச் சிறிது தூரம் நடந்தால் வரும் லேக் மார்க்கெட். வாழை இலையும் தொடுத்த பூவும் காப்பிப் பொடியும் கிடைக்கும் இந்தச் சந்தையைச் சுற்றித்தான் அவர்கள் மூன்று, நான்கு தலைமுறைகளாக வாழ்ந்து வந்துள்ளனர்.

அவர்கள் இங்கு வந்து சேர்ந்ததும் ஒருவகையில் மதிப்பெண் பெற்றுத்தான். சுருக்கெழுத்து, தட்டச்சு, கணக்கு, பிழையற்ற ஆங்கிலம் ஆகியவற்றையே மூலதனமாகக் கொண்டு தஞ்சையிலிருந்தும் திருநெல்வேலியிலிருந்தும் பாலக்காட்டிலிருந்தும் ரயிலேறியவர்களை ஆங்கிலேய வணிக நிறுவனங்களும் ரயில்வேயும் அரசு அலுவலகங்களும் வேலைக்கு எடுத்துக்கொண்டன. 1960களின் பிற்பகுதியிலிருந்து நிறுவனங்கள் தங்கள் தலைமையகங்களைக் கொல்கத்தாவிலிருந்து மாற்றத் தொடங்கியதும் அந்த வழி அடைபட்டது. அடுத்த தலைமுறை சென்னைக்கும் மும்பைக்கும் பெங்களூருக்கும் சென்றது. பாரதி தமிழ்ச் சங்கமும் ரசிக ரஞ்சன சபாவும் இங்கு இன்னும் இருக்கின்றன. ஆனால் அவற்றை வளர்த்த குடும்பங்களின் பேரப் பிள்ளைகளைத் தேடினால் டொரன்டோவுக்கும் மெல்பர்னுக்கும் போக வேண்டியிருக்கும். வங்காளி நடுத்தரக் குடும்பங்களின் கதையும் ஏறத்தாழ இதுதான்.

அந்தப் பயணத்துக்கான நுழைவுச் சீட்டை 'பி.ஆர்.' என்ற இரண்டு எழுத்துகளில் அடக்கிவிடுகின்றனர். அது குடியுரிமை அன்று; நிரந்தரமாக வசிப்பதற்கான உரிமை மட்டுமே. திறன்மிக்க பணியாளர்களில் அதை யாருக்கு அளிப்பது என்பதை கனடாவும் ஆஸ்திரேலியாவும் நியூசிலாந்தும் மதிப்பெண் போட்டு முடிவு செய்கின்றன. தமிழகப் பொறியியல் கலந்தாய்வைப் பார்த்த எவருக்கும் 'கட்-ஆஃப்' என்ற சொல் புதிதல்ல. ஆனால் அங்கு தேர்வு முடிந்த பிறகு கேள்வித்தாளை மாற்ற மாட்டார்கள்.

பஜ்பஜ் முதல் ஒட்டாவா வரை:

மதிப்பெண் முறை வருவதற்கு முன்பு கனடாவின் அளவுகோல் தோலின் நிறமாக இருந்தது. அதற்குச் சாட்சி கொல்கத்தாவின் அருகிலேயே உள்ளது. காளிகாட்டுக்குத் தெற்கே டாலிகஞ்ச் வழியாகச் செல்லும் புறநகர் ரயில் பாதையின் கடைசி நிலையத்தின் பெயர் கொமகடா மாரு பஜ்பஜ்.

புறப்பட்ட நாட்டிலிருந்து இடையில் எங்கும் நிற்காமல் நேராக வருவோருக்கே அனுமதி என்று 1908-ல் கனடா ஒரு விதி செய்தது. அதில் இந்தியா என்ற பெயரே இல்லை. ஆனால் இந்தியாவிலிருந்து அப்படிப் போய்ச் சேர அன்று வழியும் இல்லை. அந்த விதியை எதிர்த்துப் பார்க்கும் துணிவோடு குர்தித் சிங் அமர்த்திய ஜப்பானியக் கப்பலான கொமகடா மாரு, 376 பயணிகளுடன் 1914 மே மாதம் வான்கூவர் துறைமுகத்தை அடைந்தது. இரண்டு மாதம் காக்க வைக்கப்பட்ட பின், ஒரு சிலரைத் தவிர அனைவரும் திருப்பி அனுப்பப்பட்டனர். செப்டம்பர் 29-ம் தேதி பஜ்பஜ்ஜில் இறங்கியவர்கள் மீது பிரிட்டிஷ் அரசு நடத்திய துப்பாக்கிச் சூட்டில் ஏறத்தாழ 20 பேர் உயிரிழந்தனர். அவர்களுக்கான நினைவுச் சின்னத்தை 1952-ல் ஜவாஹர்லால் நேரு திறந்துவைத்தார். கனடா நாடாளுமன்றத்தின் மக்களவையில் பிரதமர் ஜஸ்டின் ட்ரூடோ மன்னிப்புக் கேட்டது 2016 மே 18-ம் தேதிதான்.

நேரு பஜ்பஜ்ஜுக்கு வந்த காலத்திலும் கனடாவின் கதவு முழுமையாகத் திறக்கவில்லை. 1951-ல் செய்துகொண்ட உடன்பாட்டின்படி ஓர் ஆண்டுக்கு இந்தியர்களுக்கு 150 இடம், பாகிஸ்தானியர்களுக்கு 100, இலங்கையருக்கு 50. இன அடிப்படையிலான விதிகளை 1962-ல் அமைச்சர் எலன் ஃபேர்கிளாஃப் பெரும்பாலும் நீக்கினார். துறைச் செயலர் நிலையில் இருந்த டாம் கென்ட் வகுத்த மதிப்பெண் முறை 1967 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. உலகில் அதுவே முதலாவது. 100-க்கு 50 எடுத்தால் தேர்ச்சி. கல்விக்கு 20, தொழிலுக்கு உள்ள தேவைக்கு 15, வயதுக்கு 10, மொழிக்கு 10 என்று பிரித்திருந்தனர். நேர்காணல் நடத்தும் அதிகாரி தன் மனத்துக்குப் பட்டதைப் போட 15 மதிப்பெண்ணும் வைத்திருந்தனர் என்பதை மறக்கலாகாது; பழைய அளவுகோலை அவர்கள் ஒரேயடியாகத் தூக்கி எறிந்துவிடவில்லை.

எனினும், அது வரலாற்றுத் திருப்பம்தான். கொல்கத்தாவிலிருந்து எழுதப்படும் விண்ணப்பமும் லண்டனிலிருந்து எழுதப்படும் விண்ணப்பமும் ஒரே தாளில் திருத்தப்பட்டன. ஆஸ்திரேலியா 1979-லும் நியூசிலாந்து 1991-லும் இதே வழிக்கு வந்தன. 2022-ல் கனடா நிரந்தரமாக ஏற்றுக்கொண்ட 4,37,000-க்கும் மேற்பட்டோரில் ஏறத்தாழ 1,18,000 பேர் இந்தியர்கள். 150 இடம் என்ற உடன்பாட்டிலிருந்து 71 ஆண்டுகளில் ஏற்பட்ட மாற்றம் இது. (1983-க்குப் பின் டொரன்டோவில் குடியேறிய ஈழத்தமிழர்களின் வழி வேறு, அவர்களில் பெரும்பாலோர் அகதிகளாகச் சென்றவர்கள்.)

அரை மதிப்பெண்ணின் விலை:

2015 முதல் கனடாவில் நடைமுறையில் உள்ள 'எக்ஸ்பிரஸ் என்ட்ரி' முறையில் இரண்டு தடைகள் உள்ளன. முதலாவது, கல்வி, மொழி, அனுபவம், வயது உள்ளிட்டவற்றில் 100-க்கு 67 எடுப்பது. அதைத் தாண்டியவர்கள் ஒரு பட்டியலில் சேர்க்கப்பட்டு, 1,200 மதிப்பெண் கொண்ட இன்னொரு அளவுகோலால் வரிசைப்படுத்தப்படுவர். சில வாரங்களுக்கு ஒருமுறை அரசு ஒரு கட்-ஆஃப் அறிவித்து, அதற்கு மேல் இருப்பவர்களை அழைக்கும். எந்தச் சுற்றில் எத்தனை பேர், எந்தப் பிரிவு என்பது முன்கூட்டித் தெரியாது.

எடுத்துக்காட்டாக, லேக் மார்க்கெட்டில் வசிக்கும் 29 வயதுப் பட்டதாரி ஒருவரை வைத்துக்கொள்வோம். திருமணமாகாதவர், முதுநிலைப் பட்டம், இந்தியாவில் 3 ஆண்டு பணி அனுபவம். வயதுக்கு முழு மதிப்பெண்ணான 110 கிடைக்கும். படிப்புக்கு 135. ஐ.இ.எல்.டி.எஸ். ஆங்கிலத் தேர்வில் கேட்டலில் 8, மற்ற மூன்றிலும் 7 எடுத்தால் மொழிக்கு 124. படிப்பையும் அனுபவத்தையும் மொழியோடு இணைத்துப் பார்த்துத் தரும் மதிப்பெண் 100. ஆக மொத்தம் 469.

இதே இளைஞர் கேட்டலில் 8-க்குப் பதிலாக 7.5 எடுத்தால் என்ன ஆகும்? மொழியில் 8 மதிப்பெண் குறையும். அதோடு விடாமல், இணைத்துத் தரும் 100, பாதியாகி 50 ஆகும். மொத்தம் 411. அரை மதிப்பெண்ணின் விலை 58. ஒரே தேர்வை மூன்று முறை, நான்கு முறை எழுதுவோரைப் பார்த்துச் சிரிப்பவர்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்காதவர்கள்.

வயதோ எந்தப் பயிற்சிக்கும் மசியாது. 30 நிறைந்ததும் 110 என்பது 105 ஆகிறது. 35-ல் 77, 40-ல் 50, 45-ல் ஒன்றுமில்லை. தங்கையின் திருமணம், தந்தையின் அறுவைச் சிகிச்சை என்று இரண்டு ஆண்டு தள்ளிப் போட்டவரின் பட்டமும் அனுபவமும் அப்படியே இருக்க, மதிப்பெண் மட்டும் இறங்கிக்கொண்டே போகும்.

இன்னும் மேலே போய்ப் பார்ப்போம். 29 வயதில் முனைவர் பட்டமும், ஆங்கிலத்தில் உச்ச மதிப்பெண்ணும், 3 ஆண்டு அனுபவமும் உள்ள ஒருவர். கனடாவில் படித்ததில்லை, வேலை செய்ததில்லை, அங்கு உடன்பிறந்தோர் இல்லை, பிரெஞ்சு தெரியாது. அவர் எடுக்கக்கூடிய அதிகபட்சம் 496. ஆனால் 2024-ல் நடந்த பொதுச் சுற்றுகளில் கட்-ஆஃப் 520-க்குக் கீழே இறங்கவே இல்லை. 2025-ல் கனடாவில் ஏற்கெனவே வேலை செய்தவர்களுக்கென நடந்த சுற்றுகளிலும் 500-க்கு மேல்தான். மருத்துவம் போன்ற குறிப்பிட்ட தொழில்களுக்கு 2023 முதல் தனிச் சுற்றுகள் உண்டு; மாகாண அரசு ஏதேனும் பரிந்துரைத்தால் 600 மதிப்பெண் ஒரே நாளில் கூடும். இவை இரண்டும் வாய்க்காதவர்களுக்கு இந்தியாவில் இருந்தபடியே தகுதியால் நுழைவது என்பது கணக்கிலேயே இல்லாமல் போய்விட்டது.

அப்படியானால் யார் நுழைகின்றனர்? முன்பே அங்கு போய்ப் பணம் கட்டிப் படித்தவர்கள் முந்திக்கொள்கின்றனர். கனடாவில் படித்ததற்கு அதிகபட்சம் 30, அங்கே ஓராண்டு வேலைக்கு 40 என்று மதிப்பெண் கூடுகிறது. ஆனால் மாணவர் விசாவுக்குக் காட்ட வேண்டிய வாழ்க்கைச் செலவுத் தொகை 10,000 கனடிய டாலரிலிருந்து 2024 ஜனவரியில் 20,635 டாலராக உயர்த்தப்பட்டது. கல்விக் கட்டணம் தனி. தட்டச்சுத் தேர்வின் 'ஹையர்' சான்றிதழோடு ஹவுராவில் இறங்கியவருக்கு ரயில் கட்டணம் இருந்தால் போதுமானதாக இருந்தது. அவருடைய பேரனுக்குத் திறமை மட்டும் போதவில்லை, விற்பதற்கு ஒரு வீடும் வேண்டியிருக்கிறது.

பிரெஞ்சு தெரிந்தவர்களுக்கு மட்டும் கதவு அகலமாகத் திறக்கிறது. 2025 மார்ச் 21-ல் பிரெஞ்சு மொழிப் பிரிவுக்கான சுற்றில் கட்-ஆஃப் வெறும் 379. அழைக்கப்பட்டோர் 7,500 பேர். ஒரு காலத்தில் சந்தன்நகரையும் புதுச்சேரியையும் ஆண்ட மொழிக்கு ஹூக்ளிக் கரையில் மீண்டும் ஒரு மவுசு. ஆஸ்திரேலியாவிலோ தமிழுக்கே மதிப்பெண் உண்டு: அந்நாட்டின் அங்கீகாரம் பெற்ற சமூக மொழித் தேர்வைத் தமிழிலோ வங்க மொழியிலோ எழுதித் தேறினால் 5 மதிப்பெண் கூடும். இரண்டும் சரளமாகப் பேசும் லேக் மார்க்கெட் பிள்ளைக்கும் 5 தான், 10 கிடையாது.

இடையில் மாறும் விதிகள்:

மதிப்பெண் முறையில் மிகப் பெரிய குறை, மதிப்பெண்ணை யார் எடுப்பது என்பதில் இல்லை. அளவுகோலை யார், எப்போது மாற்றுவது என்பதில் உள்ளது. 2008 பிப்ரவரி 27-க்கு முன்பு கனடாவுக்கு விண்ணப்பித்து, தேர்வு முடிவு தெரியாமல் ஆண்டுக்கணக்கில் காத்திருந்தோரின் கோப்புகளை 2012 ஜூனில் நிறைவேறிய ஒரே சட்டத்தால் அந்நாடு மூடியது. பாதிக்கப்பட்டோர் குடும்பத்தினரையும் சேர்த்து ஏறத்தாழ 2,80,000 பேர். அவர்களில் இந்தியர்கள் கணிசமானோர். கட்டணம் திருப்பித் தரப்பட்டது. போன வயதைத் திருப்பித் தர வழியில்லை. அவர்கள் தொடுத்த வழக்கும் 2013-ல் தள்ளுபடியானது.

பிரிட்டனில் நேர்மாறாக நடந்தது. 2002-ல் தொடங்கிய உயர்திறன் குடியேற்றத் திட்டத்தின் விதிகளை 2006 நவம்பரில் அரசு கடுமையாக்கி, முன்பே வந்து குடியேறியவர்களுக்கும் பொருத்தியது. இந்தியர்கள் பெருமளவில் இருந்த அமைப்பு நீதிமன்றம் சென்றது. ஏற்கெனவே வந்தவர்கள் மீது புதிய விதியைத் திணிப்பது சட்டவிரோதம் என்று லண்டன் உயர் நீதிமன்றம் 2008 ஏப்ரலில் தீர்ப்பளித்தது. நாட்டுக்குள் நுழைந்துவிட்டவருக்கு வழக்காட ஓர் இடம் கிடைக்கிறது. வரிசையில் நிற்பவருக்கு அதுவும் அரிது.

2025 மார்ச் 25-ம் தேதி கனடா மீண்டும் அளவுகோலை மாற்றியது. கனடிய நிறுவனத்தின் வேலை உறுதிக் கடிதத்துக்கு 50 அல்லது 200 என்று அளித்துவந்த மதிப்பெண்ணை, பட்டியலில் காத்திருந்தோருக்கும் சேர்த்தே நீக்கியது. அத்தகைய கடிதங்கள் விலைக்கு விற்கப்பட்டு வந்ததால் காரணத்தில் நியாயம் உண்டு. கடிதம் வாங்கியவர்களோடு உண்மையிலேயே வேலை பெற்றவர்களும் அன்று காலையில் வரிசையில் பின்னுக்குப் போயினர்.

நாடாளுமன்றம் கேட்கும் கேள்வி:

இந்திய நாடாளுமன்றத்தில் இந்த விவகாரம் ஆண்டுதோறும் ஒரே வடிவத்தில் எழுகிறது: எத்தனை பேர் குடியுரிமையைத் துறந்தனர்? 2011 முதல் 2022 வரை 16 லட்சத்துக்கும் மேற்பட்டோர் என்று வெளியுறவு அமைச்சர் எஸ். ஜெய்சங்கர் 2023 பிப்ரவரியில் மாநிலங்களவையில் தெரிவித்தார். 2022-ல் 2,25,620 பேர். அடுத்த ஆண்டு 2,16,219 பேர். 2024-ல் 2,06,378 பேர் என்று பட்டியல் நீள்கிறது. எதிர்க்கட்சியினர் எண்ணைச் சுட்டிக்காட்டுவதும், சொந்தக் காரணங்களுக்காகச் செல்கின்றனர் என்று அரசு பதிலளிப்பதுமாக விஷயம் முடிந்துவிடுகிறது.

அந்தப் பட்டியலில் இருப்பவர்கள் நேற்றுப் போனவர்கள் அல்லர். கனடாவில் குடியுரிமை கேட்பதற்கே 5 ஆண்டுகளில் 1,095 நாள் அங்கே வசித்திருக்க வேண்டும். நிரந்தர வசிப்புரிமை பெற்று, இந்தியக் கடவுச்சீட்டோடு வாழ்பவர்கள் இந்த எண்ணிக்கைக்குள் வருவதில்லை. 1983-ம் ஆண்டின் குடிபெயர்வுச் சட்டம் வளைகுடா போன்ற நாடுகளுக்குச் செல்லும் குறைந்த கல்வித் தகுதியுள்ள தொழிலாளர்களை மனத்தில் வைத்து எழுதப்பட்டது. குடிபெயர்வோர் பாதுகாவலர் அலுவலகம் கொல்கத்தாவிலும் உண்டு, சென்னையிலும் உண்டு. பட்டதாரி அங்கு போக வேண்டிய தேவையில்லை. அச்சட்டத்துக்கு மாற்றான வரைவு மசோதாவை வெளியுறவு அமைச்சகம் 2025 அக்டோபரில் கருத்துக் கேட்புக்கு வெளியிட்டது.

வசிப்புரிமை மட்டும் பெற்றவருக்குக் கனடாவில் வாக்கில்லை. இந்தியாவில் 2010-ம் ஆண்டுத் திருத்தத்தின்படி வாக்காளராகப் பதிவு செய்துகொள்ளலாம். ஆனால் வாக்களிக்க விமானமேறி வந்து ராஷ்பிஹாரி தொகுதியின் வாக்குச் சாவடியில் நேரில் நிற்க வேண்டும். வேறொருவர் மூலம் வாக்களிக்க வழிசெய்யும் மசோதா 2018 ஆகஸ்டில் மக்களவையில் நிறைவேறியது. மாநிலங்களவையில் நிறைவேறாமலேயே, 2019-ல் 16-வது மக்களவை கலைந்ததோடு அது காலாவதியானது.