ஏற்காடு மலைப்பாதை: மண் சரிவை வெட்டிவேர் தடுக்குமா?

2024 டிசம்பர் தொடக்கத்தில், ஃபெஞ்சல் புயல் மழையில் சேலம் - ஏற்காடு மலைப்பாதையில் மண் சரிந்து போக்குவரத்து நின்றது. கனமழை எச்சரிக்கை வந்தாலே சேர்வராயன் மலைவாசிகளுக்கு அந்த பயம்தான். சரிவைக் காக்கச் சொல்லப்படும் வழிகளில் ஒன்று வெட்டிவேர். “பானைத் தண்ணியில போடுவோமே, அதுவா?” என்றால், அதேதான்.

ஒரு புல் எப்படி மண்ணைப் பிடிக்கும்?

வெட்டிவேர் இந்தியாவைத் தாயகமாகக் கொண்ட பல்லாண்டுப் புல். ஆற்றங்கரைகளிலும் ஈரமான தாழ்நிலங்களிலும் தானாகவே தூர் கட்டி வளரும். வேர் பக்கவாட்டில் அதிகம் ஓடாமல், 3 மீட்டர் வரைகூட நேராகக் கீழே இறங்கும். அதன் இழுவலிமை சராசரியாக 75 மெகாபாஸ்கல் என்கின்றன ஆய்வுகள். இது மென் எஃகில் ஏறக்குறைய ஆறில் ஒரு பங்கு. நெருக்கமாக நட்டால் தூர்கள் சேர்ந்து வேலியாகிவிடும். ஓடிவரும் மழைநீர் அங்கே வேகம் குறைந்து, மண்ணை விட்டுவிட்டுப் போகும்.

மைசூரு பகுதி விவசாயிகள் வரப்புகளில் இதை நெடுங்காலமாக வளர்த்துவந்தார்கள். 1980-களில் உலக வங்கி இதை மண் அரிப்புத் தடுப்புக்காகப் பரப்பியது. இன்று உலகம் முழுக்க இந்தப் புல்லுக்கு வழங்குவது ‘வெட்டிவேர்’ என்ற தமிழ்ச் சொல்லிலிருந்து வந்த பெயர்தான்.

எங்கே, எப்படி நடுவது?

நல்ல வெயில் வேண்டும். காபித் தோட்டத்தின் சில்வர் ஓக் நிழலில் சரியாகத் தேறாது. சாலைக்காக வெட்டிய சரிவு, வீட்டுக்குப் பின்னால் உள்ள மண்கரை போன்ற திறந்த இடங்களே ஏற்றவை.

பருவமழை தொடக்கத்தில் தூரைப் பிரித்து, 10 முதல் 15 செ.மீ. இடைவெளியில் நடலாம். வரிசை சரிவுக்குக் குறுக்கே, ஒரே மட்டத்தில் போக வேண்டும். மேலிருந்து கீழாக நட்டால் தண்ணீருக்கு வாய்க்கால் வெட்டிக் கொடுத்த மாதிரி ஆகிவிடும். பட்டுப்போன இடங்களை உடனே நிரப்ப வேண்டும். வேலி முழுதாக அடைய இரண்டு, மூன்று ஆண்டுகள் பிடிக்கும்.

தோட்டம் முழுக்கப் பரவிவிடுமா?

பரவாது. தென்னிந்தியாவில் பயிரிடும் வகையில் பெரும்பாலும் முளைக்கும் விதை உருவாவதில்லை. கோரைபோல் கிழங்கு ஓடுவதும் இல்லை.

இது மட்டும் போதுமா?

போதாது. மேல்மண் அரிப்பையும் ஆழமில்லாத சரிவையும்தான் புல் கட்டுப்படுத்தும். பாறையோடு பெயரும் நிலச்சரிவுக்கு முறையான வடிகாலும் தடுப்புச்சுவரும் வேண்டும்.

வேரை எடுத்து விற்கலாமா?

கடலூர் மாவட்டக் கடலோர மணல் நிலங்களில் வேருக்காகவே இதைப் பயிரிடுகிறார்கள். மலைச்சரிவில் அதைச் செய்யக் கூடாது. வேரைத் தோண்டினால், அது பிடித்திருந்த மண்ணும் இளகி அடுத்த மழையில் இறங்கிவிடும். இலையை மட்டும் அறுத்து மூடாக்குக்கும் கூரை வேயவும் பயன்படுத்தலாம். வாசனைக்கு வேர் வேண்டுமானால், சமதளத்தில் தனியாக நான்கு தூர் வைத்துக்கொள்ளுங்கள்.