உங்களுக்குத் தெரியுமா? கல்யாணத்துக்குப் பிறகும் ஆறு பிரிவு!

மந்திராலய மகான் ராகவேந்திரர் பிறந்த ஊர் புவனகிரி. துறவுக்கு முன் அவர் வேங்கடநாதன். மனைவி பெயர் சரஸ்வதி. கணவர் காவி கட்டுகிறார் என்று கேட்டதும் அவள் ஓடிப்போய்க் கிணற்றில் விழுந்தாள்; ஆவியாக வந்து நின்றவளுக்குச் சுவாமிகள் தீர்த்தம் தெளித்து முக்தி கொடுத்தார் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் கதை. ரஜினியின் 100-வது படமான 'ஸ்ரீ ராகவேந்திரர்' (1985) படத்தில் சரஸ்வதியாக நடித்தவர் லட்சுமி. படத்தில் அற்புதங்களுக்குக் குறைவில்லை. ஆனால் கண்ணைத் துடைக்க வைப்பது என்னவோ சரஸ்வதிதான்!

புவனகிரியிலிருந்து வெள்ளாற்றைத் தாண்டிச் சற்று தூரம் போனால் தில்லை என்னும் சிதம்பரம். அங்கே கோயில்கொண்ட நடராஜரையே பாட்டுடைத் தலைவராக வைத்து மாணிக்கவாசகர் பாடிய திருக்கோவையார், 400 பாட்டில் ஓடும் ஒரே காதல் கதை. முதல் சந்திப்பு, தோழன் உதவி, பகலில் சந்திப்பு, இரவில் சந்திப்பு, ஊரை விட்டு ஓடுவது எல்லாம் உண்டு. தலைவன் தலைவிக்குப் பரிசாகத் தழையைக் கையில் ஏந்தி வந்து நிற்பான். தோழி லேசில் வாங்கமாட்டாள். 'சந்தனத் தழையா? ஆகாது' என்பாள், 'இது எங்கள் மலையில் கிடையாதே' என்பாள், 'அவளுக்கு இப்போது நேரம் சரியில்லை' என்பாள். இந்த இழுபறிக்கே 'சேட்படை' என்று தனி அதிகாரம்! மொத்தம் 25 அதிகாரம். கல்யாணம் 19-லேயே முடிந்துவிடுகிறது. மிச்சம் ஆறும்? படிக்கப் போவது, காவலுக்குப் போவது, பொருள் தேடப் போவது என்று வரிசையாகப் பிரிவுதான். கடைசிப் பிரிவு பரத்தையால். சேரவிடாமல் இழுத்தால்தான் ஆள் உட்கார்ந்து கேட்பார்கள் என்ற சூட்சுமம், மெகா சீரியல்காரர்கள் கண்டுபிடித்ததல்ல. மாணிக்கவாசகர் பாட, திருக்கோவையாரை ஏட்டில் எழுதிக்கொண்டது நடராஜரே என்கிறது ஐதீகம்.

இழுத்தடிப்பதில் கல்கியும் சளைத்தவரல்ல. அவருடைய 'பொன்னியின் செல்வன்' தொடரில் வந்தியத்தேவன் ஆடிப்பெருக்கன்று குதிரையில் வந்த வீரநாராயண ஏரி, நம் வீராணம்தான். 1950 முதல் 1954 வரை வாராவாரம் காத்திருந்த வாசகர்களுக்கு, குந்தவையுடன் அவன் கல்யாணத்தைக் கல்கி கண்ணில் காட்டவே இல்லை. கேள்வி மேல் கேள்வி வந்ததால் முடிவுரையில் பதில் எழுதினார்.

பிரிவு கதைகளில் மட்டுமல்ல. 'வள்ளி திருமணம்' நாடகத்தில் ஜோடியாகப் பாடிய கே.பி.சுந்தராம்பாளும் எஸ்.ஜி.கிட்டப்பாவும் நிஜத்திலும் ஜோடி. 1933-இல் கிட்டப்பா இறந்தபோது வயது 27. அதன்பின் வெள்ளைப் புடவைக்கு மாறிய சுந்தராம்பாள், ஆணுக்கு ஜோடியாக நடிப்பதில்லை என்று இருந்துவிட்டார். 1935-இல் திரைக்கு வந்தபோது போட்டது ஆண் வேடம்: தில்லையைக் காண ஏங்கிய நந்தனார். சம்பளம், அந்தக் காலத்து ஒரு லட்சம் ரூபாய்!