மேல்முறையீடும் விடுபட்ட வாரிசும்

நிலவழக்கில் மேல்முறையீடு தாக்கல் செய்துவிட்டால் கவலையில்லை என்று அங்கத்தினர் பலர் கருதுவதைத் தணிக்கைக்குச் செல்லும் ஊர்களில் நாம் காண்கிறோம். வழக்கு நிலுவையில் இருக்கையில் எதிர்க்கட்சியினருள் ஒருவர் காலமானால் என்ன ஆகும்?

1961-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த பஞ்சாப் வழக்கு விடை கூறும். சகோதரர் இருவரின் நிலத்தை அரசு கையகப்படுத்தியது. இருவருக்கும் கூட்டாக விதிக்கப்பட்ட நஷ்டஈட்டை எதிர்த்து மேல்முறையீடு செய்தது. இடையில் ஒருவர் காலமானார். அவருடைய வாரிசுகள் உரிய காலத்தில் சேர்க்கப்படவில்லை. அவரைப் பொறுத்தமட்டில் மேல்முறையீடு அற்றுப்போயிற்று. கூட்டாக விதித்த ஒரே தொகை ஒருவருக்கு ஒருவிதமாகவும் மற்றவருக்கு வேறுவிதமாகவும் இருத்தல் ஆகாது. ஆகவே, உயிரோடிருந்தவர் மீதான மேல்முறையீடும் வீழ்ந்தது. அரசுக்கே இக்கதியெனில் சிறு விவசாயியின் நிலை என்ன?

மரணத்திலிருந்து 90 நாட்களுக்குள் வாரிசுகளைச் சேர்க்க மனுச் செய்தல் வேண்டும். தவறினால், அற்றுப்போனதை நீக்கக் கோருவதற்கு மேலும் 60 நாட்கள் உண்டு. அதுவும் கடந்தால் தாமதத்திற்குத் தக்க காரணம் காட்டியாக வேண்டும். பாகப்பிரிவினை வழக்கிலோ, உரிமையுள்ள சகோதரிகள் உட்படப் பங்குதாரர் அனைவரையும் தொடக்கத்திலேயே சேர்த்தல் அவசியம்.

ஊரில் நேர்ந்த சாவு நகரத்து வக்கீலுக்குத் தானாகத் தெரிய வராது. துக்கம் விசாரித்துத் திரும்பியதும் அவருக்குச் செய்தி அனுப்புங்கள். நிலத்தைக் காப்பது அதுவே.